கேத்தியில் இறங்குங்கள்: நீலகிரி மலை ரயிலில் ஒரு கிராமத்து நிலையம்

ஊருக்கு வரும்போது ஊட்டி மலை ரயிலில் போய்விட வேண்டும் என்று கனடாவிலும் இங்கிலாந்திலும் சிங்கப்பூரிலும் இருக்கிற நம்மவர்கள் பலர் ஆசையோடு திட்டம் போடுகிறார்கள். மேட்டுப்பாளையத்தில் ஏறி, உதகமண்டலத்தில் இறங்கி, ஏரியில் படகு விட்டு, மறுநாள் டாக்சி பிடித்துக் கோவை திரும்புவதோடு அந்தத் திட்டம் முடிந்துவிடும். அதோடு அரை நாளைச் சேர்த்துக்கொள்ளுங்கள் என்பதுதான் என் வேண்டுகோள். வழியில் கேத்தி என்று ஒரு சின்ன நிலையம் வரும். அங்கே இறங்குங்கள். பிள்ளைகளுக்கு அப்பா அம்மாவின் நாட்டில் ஒரு மலைக்கிராமம் எப்படி இயங்குகிறது என்று காட்ட இதைவிட எளிய வழி எனக்குத் தெரிந்து இல்லை.

முதலில் பாதையைப் பற்றிக் கொஞ்சம். மேட்டுப்பாளையத்திலிருந்து உதகமண்டலம் வரை மொத்தம் 46 கிலோமீட்டர். கடல் மட்டத்திலிருந்து சுமார் 330 மீட்டர் உயரத்தில் கிளம்பும் வண்டி 2,200 மீட்டருக்கு ஏறிப் போகிறது. தண்டவாளங்களுக்கு நடுவே ஒரு மீட்டர்தான் இடைவெளி. தமிழ்நாட்டின் மற்ற மீட்டர் கேஜ் பாதைகள் ஒவ்வொன்றாக அகலப்பாதையாக மாறிவிட்டன. இது மட்டும் அப்படியே இருக்கிறது. 1899-இல் குன்னூர் வரையும், 1908-இல் ஊட்டி வரையும் வண்டி ஓடத் தொடங்கியது. 2005-இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்தது.

கல்லாறு முதல் குன்னூர் வரையான ஏற்றம்தான் இந்தப் பாதையின் உயிர். சில இடங்களில் 12 அடி நகர்வதற்குள் ஓர் அடி ஏற வேண்டும். சாதாரணச் சக்கரம் அங்கே வழுக்கிவிடும். அதனால் இரண்டு தண்டவாளங்களுக்கு நடுவே பற்கள் வெட்டிய இரும்புச் சட்டங்களைப் பதித்திருக்கிறார்கள். எஞ்சினுக்கு அடியில் இருக்கிற பல்சக்கரம் அந்தப் பற்களைக் கவ்விக் கவ்வி ஏறும். இந்தியாவில் இப்படிப்பட்ட பாதை இது ஒன்றுதான். எஞ்சின் முன்னால் நின்று இழுக்காது. பின்னாலிருந்து பெட்டிகளைத் தள்ளிக்கொண்டு வரும். அதனால்தான் ஒவ்வொரு பெட்டியின் முகப்பிலும் ஒரு பிரேக்ஸ்மேன் நிற்பார். கையில் கொடி, பக்கத்தில் பிரேக். பின்னால் இருக்கும் ஓட்டுநருக்கு முன்னால் வழி எப்படி இருக்கிறது என்று சொல்வது இவர்கள்தான். ஜன்னல் வழியாக மலையை மட்டும் பார்க்காமல், வளைவுகளில் கொஞ்சம் எட்டி அந்த மனிதர் கொடி காட்டுவதையும் பிள்ளைகளுக்குக் காட்டுங்கள்.

குன்னூரோடு பல்சக்கரப் பாதை முடிகிறது. நீராவி எஞ்சினைக் கழற்றிவிட்டு டீசல் எஞ்சினைப் பூட்டுவார்கள். அப்புறம் வெலிங்டன், அரவங்காடு, கேத்தி, லவ்டேல், உதகமண்டலம்.

டிக்கெட்

வெளிநாட்டிலிருந்து வருகிறவர்களுக்குப் பெரிய தலைவலி இதுதான். மேட்டுப்பாளையத்திலிருந்து மேலே போக வழக்கமான வண்டி தினமும் ஒன்றே ஒன்று, காலை ஏழு மணிக்குச் சற்றுப் பிறகு. பெட்டிகள் சின்னவை, இருக்கைகள் குறைவு, கேட்பவர்களோ ஏராளம். முன்பதிவு காலம் 120 நாளாக இருந்தது. 2024 நவம்பர் முதல் 60 நாளாகக் குறைத்துவிட்டார்கள். ஆகவே உங்கள் விமான டிக்கெட்டை எடுத்தவுடனே காலண்டரில் அந்த 60-ஆவது நாளைக் குறித்து வையுங்கள். ஏப்ரல், மே மாதங்களிலும் தீபாவளி, பொங்கல் விடுமுறைகளிலும் முதல் நாளே இடம் போய்விடும்.

இந்திய ரயில்வேயின் இணைய முன்பதிவுத் தளமான ஐஆர்சிடிசியில் தேடும்போது ஊட்டி நிலையத்தின் பெயர் உதகமண்டலம், குறியீடு யுஏஎம் என்பதை நினைவில் வையுங்கள். மேட்டுப்பாளையம் எம்டிபி, குன்னூர் ஓஎன்ஆர். வெளிநாட்டுக் கைபேசி எண்ணோடு கணக்குத் தொடங்குவது கொஞ்சம் இழுபறியான வேலை. கிளம்புவதற்குச் சில மாதம் முன்பே முடித்துவிடுங்கள். ஊரில் இருக்கிற தம்பியோ மைத்துனரோ அவர்கள் கணக்கில் எடுத்துத் தருவதாக இருந்தால், பாஸ்போர்ட்டில் உள்ளபடியே பெயரை எழுதி அனுப்புங்கள். வீட்டில் கூப்பிடுகிற பெயரில் டிக்கெட்டும் பாஸ்போர்ட்டில் வேறு பெயரும் இருந்தால் பரிசோதகரிடம் வீண் விளக்கம் சொல்ல நேரும். பயணத்தின்போது அசல் பாஸ்போர்ட் கையில் இருக்கட்டும்.

சென்னையிலிருந்து வருகிறவர்களுக்கு இரவில் கிளம்பும் நீலகிரி எக்ஸ்பிரஸ் வசதி. விடியற்காலை மேட்டுப்பாளையம் சேர்ந்து மலை ரயிலைப் பிடித்துவிடலாம். விமானத்தில் வந்தால் கோவைதான் பக்கம். ஆனால் நள்ளிரவில் இறங்கி, தூங்காத பிள்ளைகளோடு காலை ஏழு மணி வண்டியில் ஏறுவது வேண்டாம். ஒரு நாள் கோவையிலோ மேட்டுப்பாளையத்திலோ தங்கி உடம்பை ஆற்றிக்கொண்டு ஏறுங்கள்.

டிக்கெட் கிடைக்கவில்லையா? மனம் தளர வேண்டாம். குன்னூருக்கும் ஊட்டிக்கும் நடுவே ஒரு நாளில் பல முறை வண்டி ஓடுகிறது. பேருந்தில் குன்னூர் போய், அங்கிருந்து ஏறலாம். முன்பதிவில்லாத டிக்கெட்டுக்குக் கவுன்டரில் வரிசை நிற்கும். அரை மணி நேரம் முன்பே போய் நில்லுங்கள், சில்லறை நோட்டு வைத்திருங்கள். பல்சக்கர ஏற்றம் உங்களுக்குக் கிடைக்காது, அது பெரிய இழப்புதான். கேத்திக்குப் போக மட்டும் இதுவே போதும், சொல்லப்போனால் இதுதான் சௌகரியம்.

வண்டியில்

இந்தப் பெட்டிகளில் கழிப்பறை கிடையாது. வயதான அம்மா அப்பாவோடும் சின்னப் பிள்ளைகளோடும் வருகிறவர்கள் இதை முன்கூட்டியே தெரிந்துகொள்ள வேண்டும். ஒரு பெட்டிக்குள்ளிருந்து இன்னொன்றுக்கு நடந்து போகவும் முடியாது; ஒவ்வொரு அறைக்கும் தனித்தனிக் கதவு. வழியில் வண்டி தண்ணீர் பிடிக்க நிற்கிற இடங்களிலும் குன்னூரிலும் இறங்கி வேலையை முடித்துக்கொள்ளுங்கள். வழியில் ஹில்குரோவ் நிலையத்தில் நிற்கும்போது குரங்குகள் காத்திருக்கும். பஜ்ஜியைக் கையில் வைத்துக்கொண்டு படம் எடுக்க நின்றால் பஜ்ஜி உங்களுக்கு இல்லை.

பெரிய பெட்டிகளோடு ஏறாதீர்கள். வெளிநாட்டிலிருந்து கொண்டுவரும் 23 கிலோ சூட்கேஸுக்கு இங்கே இடமே இல்லை. கோவையில் உறவினர் வீட்டிலோ விடுதியிலோ வைத்துவிட்டு, முதுகுப்பை ஒன்றோடு வாருங்கள். நடைமேடைகள் தாழ்வானவை என்பதால் ஏறும்போதும் இறங்கும்போதும் பெரியவர்களுக்குக் கை கொடுக்க ஒருவர் கீழே நிற்பது நல்லது.

கேத்தி

சின்னக் கட்டிடம், குட்டையான நடைமேடை, எதிரே பள்ளத்தாக்கு. வண்டி நிற்பது கொஞ்ச நேரம்தான். அரவங்காடு தாண்டியதுமே பையை எடுத்துத் தோளில் போட்டுக்கொள்ளுங்கள். எல்லாரும் ஊட்டிக்குப் போகும்போது நீங்கள் மட்டும் இறங்கினால், "ஊட்டி இன்னும் வரலைங்க" என்று யாராவது அக்கறையோடு சொல்வார்கள். "கேத்திக்குத்தான் வந்தோம்ணா" என்று சொல்லிவிட்டு இறங்குங்கள். வண்டி போனதும் முதலில் நிலையத்தில் இருப்பவரிடம் அடுத்த வண்டி எத்தனை மணிக்கு, இன்று சரியாக ஓடுகிறதா என்று கேட்டுவிடுங்கள். கைபேசியில் இருக்கிற நேரத்தைவிட அவர் சொல்கிற நேரம் நம்பகமானது. டிக்கெட் கவுன்டர் வண்டி நேரத்தை ஒட்டித்தான் திறக்கும் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

கேத்தி பள்ளத்தாக்கு, நீலகிரி மலை மக்களான படுகர்களின் ஊர்கள் நிறைந்தது. தங்கள் ஊரை அவர்கள் ஹட்டி என்பார்கள். வரிசையாக ஒட்டி நிற்கும் வீடுகள், நடுவே கோயில், சுற்றிலும் தோட்டம். பேசுவது படுகு மொழி என்றாலும் எல்லாருக்கும் தமிழ் நன்றாகவே தெரியும். பெரியவர்களைப் பார்த்தால் ஐயா, அம்மா என்று கூப்பிட்டு, ஊருக்குள் நடந்து பார்க்கலாமா என்று ஒரு வார்த்தை கேளுங்கள். கேட்டால் மறுக்கிறவர்கள் அரிது. கோயில் வளாகத்துக்குள் கேட்காமல் நுழைவதும், செருப்போடு போவதும், வீட்டுத் திண்ணையில் இருக்கிறவர்களைப் படம் எடுப்பதும் கூடாது. டிசம்பர் கடைசியிலோ ஜனவரி தொடக்கத்திலோ வந்தால் ஹெத்தையம்மன் திருவிழாக் காலமாக இருக்கலாம். வெள்ளை உடையில் ஆண்களும் பெண்களும் கூட்டம் கூட்டமாக நடந்து போவதைப் பார்ப்பீர்கள். அது அவர்களுடைய வழிபாடு. ஒதுங்கி நின்று பாருங்கள், கேமராவை உள்ளே வையுங்கள்.

கேத்தி பாலாடா பக்கம் போனால் அடுக்கடுக்கான காய்கறி நிலங்கள். கேரட், பீட்ரூட், உருளைக்கிழங்கு, முட்டைகோஸ், பூண்டு. பிள்ளைகளுக்கு நான் கட்டாயம் காட்டச் சொல்வது கேரட் கழுவும் இடம். பிடுங்கிய கேரட் மண்ணோடு மூட்டைகளில் வந்து இறங்கும். பெரிய உருளை இயந்திரத்துக்குள் கொட்டித் தண்ணீரைப் பாய்ச்சிச் சுற்றவிடுவார்கள். உள்ளே போகும்போது ஒரே சேறு. சில நிமிடத்தில் கதவைத் திறந்தால் பளபளவென்று ஆரஞ்சு நிறத்தில் சரிந்து விழும். அங்கேயே தரம் பிரித்து மூட்டை கட்டி லாரியில் ஏற்றி மேட்டுப்பாளையம் மண்டிக்கு அனுப்புகிறார்கள். டொரோண்டோவில் பிளாஸ்டிக் பையில் கேரட் வாங்கிப் பழகிய பிள்ளை அந்த இயந்திரத்தின் முன்னால் நின்றுவிடும், பார்த்திருங்கள். வேலை செய்கிறவர்களுக்கு நேரம்தான் கூலி. ஓரமாக நின்று பாருங்கள், லாரி வழியை மறிக்காதீர்கள்.

திரும்பி வரும்போது கடையில் சூடான தேநீரும் வர்க்கி என்கிற மொறுமொறுப்பான பேக்கரிப் பண்டமும் சாப்பிடுங்கள். வர்க்கியைத் தேநீரில் நனைத்துத்தான் சாப்பிட வேண்டும்.

ஈழத்து, மலையகத்து உறவுகளுக்குத் தனியாக ஒன்று சொல்ல வேண்டும். 1964-இல் இலங்கையும் இந்தியாவும் கையெழுத்திட்ட சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தம், இலங்கையில் இருந்த இந்திய வம்சாவளித் தமிழர்களில் 5,25,000 பேரை இந்தியாவுக்கு அனுப்புவதாக எழுதியது. அப்படி வந்தவர்களில் பல குடும்பங்கள் நீலகிரியில் அரசு தேயிலைத் தோட்டங்களில் குடியேறின. கூடலூர், கோத்தகிரி, குன்னூர் வட்டாரங்களில் இன்றும் அவர்கள் பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் வாழ்கிறார்கள். நுவரெலியா, ஹட்டன், பதுளை என்று உங்கள் வீட்டுப் பெரியவர்கள் சொல்லும் ஊர்ப் பெயர்கள் இங்கேயும் காதில் விழும். விட்டுப்போன சொந்தம் யாராவது இருந்தால், வருவதற்கு முன்பே வீட்டுப் பெரியவர்களிடம் தோட்டத்தின் பெயர், டிவிஷன், கங்காணியின் பெயர், வந்த வருடம் ஆகியவற்றைக் கேட்டு எழுதி வாருங்கள். வெறும் ஆள் பெயரை வைத்துத் தேடுவது கடினம். தோட்டப் பெயர் சொன்னால் யாராவது ஒருவர் வழி சொல்வார்.

கவனிக்க

அக்டோபர் முதல் டிசம்பர் வரை வடகிழக்குப் பருவமழை. மண் சரிந்து பாதை அடைபட்டால் மேட்டுப்பாளையம்–குன்னூர் வண்டியை நிறுத்திவிடுவார்கள், சில நேரம் பல நாட்களுக்கு. அந்த மாதங்களில் வந்தால் ரயிலை நம்பி அடுத்த நாள் விமானம் வைக்காதீர்கள். எனக்குப் பிடித்த காலம் ஜனவரி முதல் மார்ச் வரை. ஜனவரி அதிகாலையில் பள்ளத்தாக்கில் உறைபனி படியும். ஸ்வெட்டரும் காது மூடும் குல்லாவும் கட்டாயம். "ஐரோப்பாவில் இருக்கிற எங்களுக்கு இது குளிரா" என்று நீங்கள் நினைக்கலாம். ஆனால் இங்கே பெரும்பாலான வீடுகளிலும் விடுதிகளிலும் ஹீட்டர் கிடையாது.

கார் எடுத்து வருவதானால் நீலகிரிக்குள் நுழைய இ-பாஸ், அதாவது இணையத்தில் பதிவு செய்து பெறும் அனுமதிச் சீட்டு, வேண்டும். 2024 மே மாதம் சென்னை உயர் நீதிமன்ற உத்தரவின்படி வந்த நடைமுறை. வெளிநாட்டவர் மின்னஞ்சல் முகவரி கொடுத்துப் பதிவு செய்யலாம். ரயிலிலோ அரசுப் பேருந்திலோ வருகிறவர்களுக்கு இது தேவையில்லை. பிளாஸ்டிக் தண்ணீர் பாட்டில் மாவட்டத்துக்குள் தடை. சோதனைச் சாவடியில் பிடுங்கி அபராதமும் போடுவார்கள். ஸ்டீல் பாட்டில் கொண்டு வாருங்கள்.

தண்டவாளத்தில் நடந்து படம் எடுப்பது குற்றம், ஆபத்தும்கூட. வளைவுக்கு அந்தப் பக்கம் வண்டி வருவது கடைசி நொடி வரை தெரியாது. அதைவிட முக்கியம் காட்டெருமை. தேயிலைத் தோட்டத்து ஓரமாக அமைதியாக மேய்ந்துகொண்டிருக்கும். வீட்டு மாடு மாதிரி நினைத்துப் பக்கத்தில் போகவே கூடாது. பாதையில் நின்றால் திரும்பி வேறு வழியாகப் போங்கள். மாலை ஐந்து மணிக்கு மேல் தோட்டங்களுக்குள் நடமாட வேண்டாம்.

கடைசி வண்டியைத் தவறவிட்டாலும் பயமில்லை. ஆட்டோ பிடித்து எல்லநள்ளிக்கு வந்துவிட்டால் அது ஊட்டி–குன்னூர் நெடுஞ்சாலை. இரண்டு பக்கமும் பேருந்து அடிக்கடி வரும். கேத்தியில் இறங்கியதுமே ஓர் ஆட்டோக்காரரின் எண்ணை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள், இருட்டிய பிறகு அங்கே வண்டி தேடுவது சிரமம்.