மரத்தோடு பேசும் பாத்திரத்தை எழுதுகிறவர்களுக்கு

மரத்தோடு பேசத் தெரிந்த ஒருத்தி உங்கள் கதையில் வருகிறாள் என்றால், அவளை உருவாக்கும் முன் மரத்தை உருவாக்குங்கள். இந்த ஆற்றலை வைத்து எழுதும் கதைகள் பெரும்பாலும் ஒரே இடத்தில்தான் சறுக்குகின்றன. பட்டை போர்த்திய பாட்டியாக மரத்தை எழுதிவிடுகிறோம். அது எல்லாவற்றையும் பார்த்திருக்கிறது, கேட்டதும் சொல்லிவிடுகிறது. அதன்பிறகு கதைக்கு என்ன வேலை?

முதல் விதி, மரத்துக்கு என்ன தெரியும் என்பது. தொல்காப்பிய மரபியல் புல்லுக்கும் மரத்துக்கும் ஓரறிவு என்கிறது, தொடுகையால் அறிவது. அதையே அடித்தளமாக வையுங்கள். எடை, அசைவு, ஈரம், உப்பு, வெட்டு, சூடு ஆகியவை தெரியும். இன்றைய தாவரவியலை நம்பி, வெளிச்சம் எந்தப் பக்கமிருந்து வருகிறது என்பதையும் சேர்த்துக்கொள்ளலாம். முகம், சட்டை நிறம், பெயர் எதுவும் தெரியாது.

அடுத்தது மொழி. இதில் தமிழ் நமக்குக் கைகொடுக்கிறது. மரத்துக்கு ‘நான்’ வேண்டாம். மனிதர் உட்பட எல்லாவற்றையும் அஃறிணையிலேயே சொல்லட்டும். ஆணா பெண்ணா, ஆளா ஆடா என்று பிரித்துப் பார்க்க அதற்குக் கண் இல்லையே. வயல் வேலைக்கு வந்த தாய் ஒருத்தி வேப்பங்கிளையில் தூளி கட்டியிருக்கிறாள் என்று வையுங்கள். அந்தக் குழந்தை வளர்ந்து, தாயைத் தேடி வந்து, மரத்திடம் கேட்கிறாள். “உன் அம்மா அழகானவள், நீலச்சேலை கட்டியிருந்தாள்” என்று மரம் சொன்னால் கதை அங்கேயே படுத்துவிடும். இப்படிச் சொல்லட்டும்:

“தெற்குக் கிளை. ஒன்று கட்டியது. ஒன்று ஆடியது. சின்னக் கனம். நாளுக்கு நாள் கூடியது. வெயில் ஏறியது. வரவில்லை.”

‘நாளுக்கு நாள் கூடியது’ என்பது தான்தான் என்று அவளுக்குப் புரிகிற இடத்தில் கதை பிறக்கிறது. மரம் அதற்குமேல் ஒரு சொல்கூடச் சொல்லக் கூடாது.

வேகத்தைக் கணக்குப் போட்டே எழுதுங்கள். காயம்பட்ட செய்தி செடிக்குள் பரவுவதைச் சோதனைகளில் அளந்திருக்கிறார்கள். சிறு செடியில் அது நொடிக்குச் சுமார் 1 மில்லிமீட்டர். தொட்டாற்சிணுங்கியில் நொடிக்குச் சில சென்டிமீட்டர் வரை போகும். முதல் அளவை எடுத்துக்கொண்டால், 12 மீட்டர் வேம்பின் அடியில் வைத்த கேள்வி உச்சிக்குப் போகவே 3 மணி 20 நிமிடம் ஆகும். பதில் இறங்கி வர இன்னும் அவ்வளவு. அவ்வளவு நேரமும் கை எடுக்காமல் உட்கார வேண்டும் என்பதுதான் அவள் கொடுக்கும் விலை. தலைவலி, மூக்கில் ரத்தம் போன்ற வழக்கமான விலைகளைவிட இது கனமானது. துரத்திவரும் ஆள் ஒருவன் இருந்தால் போதும், காட்சி தானாக இறுகும்.

பேச ஏற்ற நேரம் விடியலுக்குச் சற்று முன். இரவெல்லாம் வேர் நீர் இழுத்து மரம் ஓரளவு நிறைந்திருக்கும். உச்சிவெயிலில் இலைத்துளைகள் சுருங்கிக்கொள்ளும். அப்போது இரைச்சல்தான் கிடைக்க வேண்டும். இதற்கும் அடிப்படை உண்டு. நீரில்லாமல் வாடும் தக்காளி, புகையிலைச் செடிகள் 40 முதல் 80 கிலோஹெர்ட்ஸ் வரையிலான ஒலியில் ‘டிக் டிக்’ என்பதை இஸ்ரேல் ஆய்வாளர்கள் 2023இல் வெளியிட்டார்கள். நம் காது 20 கிலோஹெர்ட்ஸோடு நின்றுவிடும். அவள் காது நிற்க வேண்டாம்.

நினைவு எங்கே இருக்கிறது என்பது மரத்துக்கு மரம் மாறும். தேக்கில் ஆண்டு வளையம் உண்டு. தென்னைக்கும் பனைக்கும் வளையமே கிடையாது; “தென்னையின் வளையங்களை எண்ணினாள்” என்று எழுதினால் ஊர்க்காரர்கள் புத்தகத்தை மூடிவிடுவார்கள். ஆனால் தென்னையில் அதைவிட நுணுக்கமான நாட்காட்டி இருக்கிறது. நன்றாக வளரும் மரம் மாதத்துக்கு ஏறத்தாழ ஒரு மட்டை விடும். மட்டை விழுந்த இடத்தில் தழும்பு நிற்கும். மரம் நொந்த காலத்தில் தழும்புகள் நெருங்கும், தண்டு இடுங்கும். பேராவூரணியில் 2018 நவம்பர் கஜா புயலுக்குத் தப்பிய ஒரு தென்னையை 2026 நவம்பரில் அவள் தொடுகிறாள் என்று வையுங்கள். 8 ஆண்டுக்கு 96 மட்டை. தலையில் இருக்கும் 30 போக, கொண்டைக்குக் கீழே 66ஆவது தழும்பை அவள் விரல் தேட வேண்டும். வறட்சி ஆண்டில் மட்டை குறையும் என்பதால் கணக்கு முன்பின் ஆகலாம். அந்தத் தடுமாற்றத்தையும் எழுதுங்கள்.

தென்னைக்குக் காயம் ஆறுவதும் கிடையாது. ஏறுவதற்கு வெட்டிய படி கடைசிவரை திறந்தே இருக்கும். வேம்பு அப்படியில்லை, சதை வளர்த்து மூடிவிடும். ஆகவே தென்னை பழையதை நேற்று நடந்ததுபோலச் சொல்லும். வேம்பிடம் தோண்டித்தான் எடுக்க வேண்டும். இன்னொன்று: மரம் நுனியில்தான் உயரும். மார்பளவில் செதுக்கிய பெயர் 30 ஆண்டு கழித்தும் மார்பளவில்தான் இருக்கும். பெயரை உச்சிக்கு ஏற்றிவிடாதீர்கள்.

காடு முழுவதும் ஒரே பின்னலாகப் பேசிக்கொள்கிறது என்ற எண்ணத்தை அளவோடு பயன்படுத்துங்கள். கனடாவில் மரங்களுக்கிடையே கார்பன் போனதைக் காட்டிய 1997ஆம் ஆண்டு ஆய்வு பெயர்பெற்றது; மண்ணுக்கடியில் மரங்களின் வேர்களை இணைக்கும் பூஞ்சை வலைபற்றிப் பிற்பாடு பரவிய பல கூற்றுகளுக்குப் போதிய சான்றில்லை என்று 2023இல் ஒரு மதிப்பாய்வு சொன்னது. கதைக்கும் எல்லை இருப்பதே நல்லது. வேர் எட்டும் தூரம் போதும்.

ஆலமரத்தை மட்டும் தனியாக யோசியுங்கள். சென்னை அடையாறு ஆலமரத்தின் தாய்மரம் 1989 புயலில் சாய்ந்துவிட்டது. விழுதுகள் ஊன்றி இன்றும் நிற்கின்றன. அவள் அங்கே போய் ஒரு விழுதில் கை வைத்தால் பதில் சொல்வது யார்? பழைய மரமா, அந்த விழுதா, எல்லா விழுதும் ஒரே நேரத்திலா? முதல் வரி எழுதும் முன் இதை முடிவு செய்துவிடுங்கள்; பாதியில் மாற்றினால் அதுவரை எழுதிய உரையாடல் அத்தனையும் திருத்த வேண்டி வரும்.