கோபே நிலநடுக்கத்தைப் பார்த்து வீட்டைத் தயார் செய்வது எப்படி?

1995 ஜனவரி 17, விடிகாலை 5:46. ஜப்பானின் கோபே நகரத்தில் பலர் இன்னும் படுக்கையில் இருந்தார்கள். 6,400 பேருக்கு மேல் உயிரிழந்த அந்த நிலநடுக்கம் என்றால் பக்கவாட்டில் சாய்ந்து கிடந்த மேம்பாலத்தின் படம்தான் பலருக்கு ஞாபகம் வரும், ஆனால் பெரும்பாலானோர் இறந்தது வீட்டுக்குள்ளேதான், இடிந்த கூரைக்கும் சாய்ந்த அலமாரிக்கும் அடியில். அதனால் பையில் பிஸ்கெட் அடுக்குவதை அப்புறம் பார்த்துக்கொள்ளலாம், முதலில் படுக்கையறையைக் கவனியுங்கள்.

கட்டிலில் படுத்தபடியே சுற்றிப் பாருங்கள். எது சாய்ந்தால் உங்கள் மேல் விழும், எது விழுந்தால் கதவைத் திறக்க முடியாது? உயரமான பீரோவையும் புத்தக அலமாரியையும் வேறு பக்கம் தள்ளுங்கள். இடமில்லை என்றால் மேல் விளிம்பில் 'எல்' வடிவ இரும்புப் பட்டை வைத்துச் சுவரோடு முடுக்குங்கள். ஸ்க்ரூ வெறும் பூச்சில் நிற்கக் கூடாது, உள்ளே செங்கல்லையோ கான்கிரீட்டையோ பிடிக்க வேண்டும். பூச்சு மட்டும் பிடித்திருந்தால் முதல் குலுக்கலிலேயே பிடுங்கிக்கொண்டு வந்துவிடும். கனமானதெல்லாம் கீழ்த்தட்டுக்குப் போகட்டும், தலைமாட்டில் கண்ணாடி போட்ட படம் வேண்டவே வேண்டாம்.

ஒரு பையில் கெட்டியான அடி வைத்த ஷூ, டார்ச், விசில் போட்டுக் கட்டில் காலில் கட்டிவிடுங்கள். சும்மா வைத்தால் குலுக்கலில் எங்கேயோ போய்விடும், இருட்டில் உடைந்த கண்ணாடி மேல் வெறுங்காலோடு தேட வேண்டியிருக்கும்.

குலுங்கும்போது ஓடாதீர்கள். படுத்திருந்தால் அப்படியே குப்புறப் படுத்துத் தலையணையால் தலையையும் கழுத்தையும் மூடுங்கள், எழுந்திருந்தால் உறுதியான மேசைக்கு அடியில் புகுந்து அதன் காலைப் பிடித்துக்கொள்ளுங்கள். வாசற்படியில் நிற்பது பழைய யோசனை, அதை நம்ப வேண்டாம்.

குலுக்கல் நின்ற பிறகு பலர் மறப்பது மெயின் சுவிட்ச். கோபேயில் மின்சாரம் திரும்ப வந்தபோது, கவிழ்ந்து கிடந்த ஹீட்டர்களும் நசுங்கிய ஒயர்களும் ஆளில்லாத வீடுகளில் தீப்பிடித்தன. பூமிக்கடியில் தண்ணீர்க் குழாய்கள் உடைந்திருந்ததால் தீயணைப்பு வண்டி வந்தும் அடிக்கத் தண்ணீர் இல்லை. அதனால் வீட்டை விட்டுக் கிளம்பும் முன் மின்சாரத்தையும் எரிவாயு வால்வையும் அணைத்துவிடுங்கள். வாயு வாசனை அடித்தால் எந்த சுவிட்சையும் தொடாமல் வெளியேறிவிடுங்கள்.

அங்கே இடிபாட்டிலிருந்து உயிரோடு எடுக்கப்பட்டவர்களில் பெரும்பாலானோரைத் தூக்கியது மீட்புப் படை இல்லை, குடும்பத்தாரும் பக்கத்து வீட்டுக்காரர்களும்தான், அதுவும் ரம்பம், கார் ஜாக்கி என்று கையில் கிடைத்ததை வைத்து. எனவே கடப்பாரை, ரம்பம், கெட்டிக் கையுறை எங்கே இருக்கின்றன என்று தெருவில் நாலு பேருக்காவது தெரிந்திருக்கட்டும். எந்த அறையில் வயதானவர் தூங்குகிறார் என்பதும் தெரிந்திருந்தால், எங்கே முதலில் தோண்டுவது என்று யோசித்து நிற்க வேண்டாம்.

தண்ணீர் ஆளுக்கு ஒரு நாளைக்கு 3 லிட்டர், குறைந்தது 3 நாளைக்கு. முடிந்தால் ஒரு வாரத்துக்கு. கோபேயில் சில பகுதிகளுக்குக் குழாய்த் தண்ணீர் வர மாதக்கணக்கில் ஆனது. அழைப்பைவிடக் குறுஞ்செய்தி சீக்கிரம் போகும், வெளியூர் உறவினர் ஒருவரைத் தகவல் மையமாகப் பேசி வையுங்கள்.

அடுத்த முறை வீடு பார்க்கப் போனால் கட்டிய வருடத்தைக் கேளுங்கள். ஜப்பானில் 1981இல் கட்டட விதிகளைக் கடுமையாக்கிய பிறகு எழுந்த கட்டடங்கள் கோபேயில் பழையவற்றைவிட நன்றாகவே தாக்குப்பிடித்தன. தரைத்தளத்தில் சுவரே இல்லாமல் வண்டி நிறுத்தத் தூண்கள் மட்டும் நின்றால், வாடகை எவ்வளவு குறைவாக இருந்தாலும் ஒரு பொறியாளரிடம் கேட்காமல் முன்பணம் கொடுக்காதீர்கள்.