ஒரே தேவாலயம், இரு தரப்பு: நீதிமன்றத்தை அணுகும் வழி

கேரளத்தின் மலங்கரை கிறித்தவ சபையில் பிரிந்து நிற்கும் ஆர்த்தடாக்ஸ், யாக்கோபாய தரப்புகளுக்கிடையே வழிபாட்டுத் தகராறு எழுந்தால், முதலில் படிக்க வேண்டியது உச்ச நீதிமன்றம் 2017 ஜூலை 3 அன்று அளித்த தீர்ப்பு. மலங்கரை சபையின் பங்குகள் (உள்ளூர் தேவாலயச் சமூகங்கள்) 1934ஆம் ஆண்டு சபை விதிகளின்படியே நிர்வகிக்கப்பட வேண்டும், அதற்குப் போட்டியாக இன்னொரு நிர்வாகம் கூடாது என்று அது கூறுகிறது. ஆகவே, காலை எங்களுக்கு, மாலை அவர்களுக்கு என்று நேரம் பிரித்துக் கேட்கும் மனு பெரும்பாலும் நிலைக்காது.

பங்கு மக்கள் அனைவர் சார்பாகவும் வழக்குத் தொடுப்பவர், உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 1, விதி 8இன் கீழ் நீதிமன்ற அனுமதி பெற வேண்டும். பங்குப் பதிவேடு, பொதுக்குழுத் தீர்மானப் புத்தகம், விகாரி (பங்குக் குரு) நியமனக் கடிதம் ஆகியவற்றைத் திரட்டுங்கள். பூட்டிய கதவின் சாவி எந்த நாளில் யாரிடம் இருந்தது என்பதையும் எழுதி வையுங்கள். இடைக்காலத் தடை கேட்கும்போது இச்சிறு குறிப்புகளே கைகொடுக்கும்.

அடக்கம் மட்டும் காத்திருக்க முடியாது. சவப்பெட்டியோடு ஒரு குடும்பம் கல்லறை வாசலில் நிற்பது எந்தத் தரப்புக்கும் நேரக்கூடாத துயரம். 2020ஆம் ஆண்டின் கேரளச் சட்டப்படி, முன்னோர் அடங்கிய பங்குக் கல்லறையில் தரப்பு வேறுபாடின்றி அடக்கம் செய்யலாம். அங்குள்ள விகாரியின் சடங்கு வேண்டாமெனில், இறுதி வழிபாட்டை வேறிடத்தில் நடத்திக்கொள்ளலாம்.