ஒற்றைச் சார்பின் சமச்சீர்: டிரேசிங் தாளைத் திருப்பிப் பார்த்துப் புரிந்துகொள்வோம்

காட்பாடியில் மாலை நேரங்களில் பிளஸ் டூ பிள்ளைகளுக்குக் கணக்குச் சொல்லித்தருகிறேன். "ஒற்றைச் சார்பு என்றால் தொகையின் விடை பூஜ்யம்" என்று எல்லோரும் ஒப்பிக்கிறார்கள். (தொகை என்பது இங்கே தொகையீடு, integral; பூஜ்யத்துக்கு இருபுறமும் சம தூரம் வரை எடுப்பது.) ஏன் பூஜ்யம் என்று கேட்டால் பதில் வருவதில்லை. கையால் ஒருமுறை செய்துவிட்டால் அது மறக்காது. சார்பை ச என்றும் மாறியை ம என்றும் குறிக்கிறேன்.

வரைபடத்தாள், டிரேசிங் தாள், குண்டூசி, அடியில் வைக்கத் தடித்த அட்டை, இவ்வளவும் லாங் பஜார் பக்கம் கிடைத்துவிடும். ஜியோஜீப்ரா நல்ல மென்பொருள்தான், ஆனால் முதல் நாளில் வேண்டாம். முழு வளைவரையையும் அது நொடியில் போட்டுவிடும். பாதியிலிருந்து மறுபாதி பிறப்பதை நீங்கள் பார்க்கவே மாட்டீர்கள்.

படி 1: ச(ம) = ம³ − 4ம. வலப்பக்கம் மட்டும் வரையுங்கள். ம = 0, 1, 2, 2.5 எனில் மதிப்புகள் 0, −3, 0, 5.625. இடையில் 0.5, 1.5 இரண்டையும் சேர்த்தால் வளைவு சீராக வரும். ஓர் அலகுக்கு 1 செ.மீ. போதும்.

படி 2: டிரேசிங் தாளில் அந்தப் பாதியையும் இரண்டு அச்சுகளையும் நகலெடுங்கள். அச்சுகளை விட்டுவிட்டால் எவ்வளவு திருப்பினோம் என்றே தெரியாது. ஆதிப்புள்ளியில் குண்டூசியைக் குத்தித் தாளை 180 பாகை சுழற்றுங்கள். வேலூர் வெயிலில் மின்விசிறியை நிறுத்தச் சொல்ல மாட்டேன். தாளின் ஓரத்தில் ஜாமெட்ரி பெட்டியை வைத்துக்கொள்ளுங்கள்.

வலப்பக்கம் கீழே இறங்கியிருந்த பள்ளம் இப்போது இடப்பக்கம் மேடாக நிற்கும். (1, −3) போய் (−1, 3) மேல் உட்கார்ந்திருக்கும். இந்த அரைச்சுற்றுதான் ஒற்றைச் சார்பின் சமச்சீர். செங்குத்து அச்சில் கண்ணாடி வைத்ததுபோல் வந்தால் அது இரட்டைச் சார்பு.

படி 3: இதையே இயற்கணிதத்தில் ச(−ம) = −ச(ம) என்று எழுதுகிறோம். பிள்ளைகள் அதிகம் வழுக்கும் இடம் இது, நிதானமாகப் போவோம். ம இருக்கும் ஒவ்வோர் இடத்திலும் (−ம) என்று அடைப்புக்குறியோடு எழுதுங்கள். (−ம)³ − 4(−ம) = −ம³ + 4ம = −(ம³ − 4ம). எல்லா உறுப்புகளின் குறியும் மாறிவிட்டது. ஆகவே ஒற்றைச் சார்பு.

ஓர் எண்ணைப் போட்டுப் பார்த்துவிட்டு முடிவுக்கு வருவது பெரிய ஆபத்து. ம² − 1 என்பதில் ம = 1 போட்டாலும் −1 போட்டாலும் 0; நிபந்தனை பொருந்துவதுபோல் தெரியும். ம = 2 போட்டால் 3, −2 போட்டாலும் 3; சாயம் வெளுத்துவிடும். ஓர் எண் பொருந்தாவிட்டால் ஒற்றைச் சார்பு இல்லை என்று அடித்துச் சொல்லலாம். பொருந்துகிறது என்பதை வைத்து ஒற்றைச் சார்பு என்று சொல்ல முடியாது.

சார்பகமும், அதாவது ம எடுக்கக்கூடிய மதிப்புகளின் தொகுதியும், பூஜ்யத்துக்கு இருபுறமும் ஒத்திருக்க வேண்டும். 0 அதில் இருந்தால் ச(0) = 0 ஆகியே தீர வேண்டும். அதனால்தான் ம = 0 எனில் 1 தரும் ம³ + 1 ஒற்றைச் சார்பு ஆகாது.

படி 4: −2 முதல் 2 வரை தொகை காணுங்கள். 0 முதல் 2 வரை −4. −2 முதல் 0 வரை +4. கூட்டினால் பூஜ்யம். சுழற்றிய தாளில் பள்ளம் மேடானதைக் கண்ணால் பார்த்தவருக்கு இதில் மனப்பாடம் செய்ய ஒன்றுமில்லை. ஆனால் 1/ம ஒற்றைச் சார்பு என்பதால் −1 முதல் 1 வரை பூஜ்யம் என்று எழுதிவிடாதீர்கள். ம பூஜ்யத்தை நெருங்கும்போது அது எல்லையின்றி வளர்கிறது. ஒவ்வொரு பாதிக்குமே முடிவுள்ள தொகை கிடையாது.

பின்சேர்க்கை: ம³ − 3ம² + 2ம என்பதை வரைந்த குடியாத்தம் மாணவி ஒருவர், "ஆதிப்புள்ளியில் குத்தினால் பொருந்தவில்லை, (1, 0)-இல் குத்தினால் பொருந்துகிறதே, சார்?" என்று கேட்டிருந்தார். அருமையான கேள்வி. ம = 1 + த என்று மாற்றுங்கள். (1 + த)·த·(த − 1) = த³ − த. அதாவது (1, 0)-ஐ ஆதியாகக் கொண்டால் அது ஒற்றைச் சார்பு. எந்த முப்படிச் சார்புக்கும் இப்படி ஒரு புள்ளி உண்டு: அதன் வளைவு மாற்றப் புள்ளி, அதாவது வளைவரை வளையும் பக்கம் மாறும் இடம். இரண்டாம் வகைக்கெழுவைப் பூஜ்யமாக்கினால் குண்டூசியை எங்கே குத்துவது என்பது தெரிந்துவிடும்.