தேவாங்கைத் தேடிப் போகிறவர்கள் செய்யும் தவறுகள்

பினாங்குக் கொடிமலைக் காட்டில் தேவாங்கு (ஸ்லோ லோரிஸ்) இன்னும் இருக்கிறது. அதன் நிதானத்தைச் சாதுத்தனம் என்று எடுத்துக்கொள்வதில்தான் தவறுகள் தொடங்குகின்றன.

தேவாங்கு கைகளைத் தூக்கிக் கூச்சத்தில் நெளிவதுபோல் தெரியும் வீடியோக்களைப் பகிராதீர்கள். அது பயந்துபோய் நிற்கும் நிலை. முழங்கைக்குப் பக்கத்தில், மேற்கையின் உட்புறத்தில் ஒரு சுரப்பி உண்டு. கையைத் தூக்கி அந்தச் சுரப்பை நக்கி எச்சிலோடு கலக்கும். கடி நஞ்சாவது அப்படித்தான். கடிபட்ட இடம் வீங்கும், வலிக்கும். மூச்சடைக்கும் அளவுக்கு ஒவ்வாமை வந்தவர்களும் உண்டு. சோப்புப் போட்டு ஓடும் தண்ணீரில் கழுவிவிட்டு நேராக மருத்துவமனைக்குப் போய்விடுங்கள். இந்தக் கடிக்குப் பயந்துதான் கள்ளத்தனமாக விற்பவர்கள் அதன் பல்லை நகவெட்டியால் வெட்டுகிறார்கள். ஈறு சீழ்பிடித்துப் பல செத்துப்போகின்றன. பிழைத்தாலும் மரப்பட்டையைக் கீறிப் பிசின் தின்னப் பல் இருக்காது. மறுபடி காட்டில் விடுவது ஏறக்குறைய முடியாத காரியம்.

இரவில் தேடும்போது டார்ச்லைட்டை இடுப்பருகே பிடிப்பவர்களுக்குப் பெரும்பாலும் ஒன்றும் தெரியாது. தேவாங்கின் விழித்திரைக்குப் பின்னுள்ள படலம் வெளிச்சத்தை வந்த வழியே திருப்பி அனுப்பும். அதனால் விளக்கு உங்கள் கண்ணை ஒட்டி, நெற்றியில் இருக்க வேண்டும். சிவப்பு வெளிச்சமே போதும். ஃபிளாஷ் வேண்டவே வேண்டாம். மணிக்கு ஒரு கிலோமீட்டரைத் தாண்டாமல் நடங்கள். ஆரஞ்சு நிறத்தில் இரண்டு கண் மின்னியதுமே தேவாங்கு என்று எழுதிவிடாதீர்கள், மரநாயின் கண்ணும் மின்னும். முதுகில் ஓடும் பழுப்புக் கோட்டையும் வால் தெரியாத பின்புறத்தையும் பார்த்து உறுதி செய்யுங்கள். ஒன்றும் தென்படாத இரவையும் நேரம், மழை, நிலவு சேர்த்துக் குறித்து வையுங்கள். அந்த வெற்றுப் பக்கம் இல்லாமல் எண்ணிக்கை கூடியதா குறைந்ததா என்று சொல்லவே முடியாது. பார்த்த இடத்தைப் பொதுவில் போடாதீர்கள், பிடிப்பவர்களும் படிக்கிறார்கள்.

பினாங்குத் தீவின் பாலிக் புலாவ் பகுதித் தோட்டக்காரர்களுக்கு ஒன்று. தேவாங்கு தாவாது. ஒரு கிளையைப் பிடித்துக்கொண்டே அடுத்ததை எட்டும். கிளைத்தொடர்பை வெட்டிவிட்டால் தரையில் இறங்கி நாயிடம் சிக்கும், அல்லது மின்கம்பியில் ஏறும்.

வீட்டுப்பக்கம் வந்துவிட்டால் கையால் தொடாதீர்கள். நாயைக் கட்டிவிட்டு, மலேசிய வனவிலங்குத் துறையான பெர்ஹிலித்தானைக் கூப்பிடுங்கள். 2010ஆம் ஆண்டு வனவிலங்குச் சட்டப்படி இது முழுப் பாதுகாப்பு பெற்ற விலங்கு. தரையில் அடிபட்டுக் கிடந்தால், அவர்கள் வரும்வரை காற்றோட்டமுள்ள கூடையை மேலே கவிழ்த்து, துணியால் இருட்டாக்குங்கள். பழம், பால் எதுவும் வைக்காதீர்கள். நல்ல எண்ணத்தோடு வேறு மலைக்குக் கொண்டுபோய் விடுவதும் வேண்டாம்: அங்கே பிசின் மரம் எது என்று அதற்குத் தெரியாது, ஏற்கெனவே அங்கிருக்கும் தேவாங்கின் கடியும் நஞ்சுதான்.