நோபுகோ ஒட்டோவாவின் படங்களை மட்டக்களப்பில் திரையிடுவது எப்படி

நம்மூர்ப் பெரியவர்கள் பலருக்கு 'ஓஷின்' நினைவிருக்கும். 1983-84இல் ஜப்பானின் என்.எச்.கே. தொலைக்காட்சி 297 அத்தியாயங்களாக ஒளிபரப்பிய தொடர், பிறகு இலங்கைத் தொலைக்காட்சியிலும் வந்தது. அதில் முதிய ஓஷினாக நடித்தவர் ஜப்பானிய நடிகை நோபுகோ ஒட்டோவா (1924-1994). அறிவித்தலில் அதை முதல் வரியாகப் போடுங்கள், அம்மம்மாக்களும் வருவார்கள்.

படங்களை ஆண்டு வரிசையில் காட்ட வேண்டாம். முதல் மாலை 'த நேக்கட் ஐலண்ட்' (1960). தண்ணீரில்லாத் தீவொன்றுக்குப் படகில் தண்ணீர் கொண்டுவந்து, காவில் சுமந்து மேட்டுக்கு ஏற்றிப் பயிர் வளர்க்கும் குடும்பம். பேச்சு ஏறக்குறைய இல்லை, சப்டைட்டில் கவலையும் இல்லை. ஒட்டோவாவின் தோளும் முதுகும் நடிப்பதைப் பார்த்தாலே இவர் எப்பேர்ப்பட்ட நடிகை என்று விளங்கும். இந்தப் படத்தில் சத்தம் முக்கியம்: கூரை ஃபேன் முழு வேகத்தில் ஓடினால் துடுப்பின் ஓசை அமிழ்ந்துபோகும். ஸ்பீக்கரைத் திரைக்குக் கீழே வையுங்கள், ஃபேனைக் குறையுங்கள்.

அடுத்தது 'சில்ரன் ஒஃப் ஹிரோஷிமா' (1952). பெரிய ஸ்டூடியோவான டாயேயை விட்டு விலகி, இயக்குநர் கனேட்டோ ஷிந்தோவின் சிறு நிறுவனத்துக்காக நடித்தது. குண்டு விழுந்த நகரத்துக்குத் திரும்பித் தன் பழைய மாணவர்களைத் தேடும் ஆசிரியை. மட்டக்களப்பின் கல்லடி, திருச்செந்தூர்ப் பக்கம் காட்டுவதானால் சுனாமியில் பிள்ளைகளை இழந்தவர்கள் இருப்பார்கள். கதையை முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்.

இதற்குத் தமிழ் சப்டைட்டில் நீங்களே எழுத வேண்டியிருக்கும். வரிக்கு 35 எழுத்துக்கு மேல் வேண்டாம், ஒரே நேரத்தில் இரண்டு வரிக்கு மேலும் வேண்டாம். பிள்ளைகள் அவரை 'ரீச்சர்' என்றே கூப்பிடட்டும். கோப்பை யூ.டி.எஃப்-8 என்ற எழுத்துக் குறியாக்கத்தில் சேமிக்காவிட்டால் எழுத்துக்குப் பதில் கேள்விக்குறிதான் வரும். படம் விநாடிக்கு 24 சட்டத்திலும் (ஃப்ரேம்) சப்டைட்டில் 25 சட்டத்திலும் இருந்தால், பத்து நிமிடத்தில் 25 விநாடியளவு விலகிவிடும். தொடக்கத்தை மட்டும் சரிபார்த்தால் இது தெரியாது. கடைசிப் பத்து நிமிடத்தையும் ஓட்டிப் பாருங்கள்.

'ஒனிபாபா' (1964) பெரியவர்களுக்கு மட்டும். கொலையும் நிர்வாணமும் உண்டு, பாடசாலை மண்டபத்துக்குப் பொருந்தாது. வெளிறிய நாணற்புல்லில் வெள்ளை எழுத்து தெரியாது. மஞ்சள் எழுத்தும் கறுப்பு ஓரமும் கொடுங்கள். இது அகலத்திரைப் படம், புரொஜெக்டரில் இழுத்து நிரப்பினால் முகங்கள் நீளும். மேலும் கீழும் கறுப்புப் பட்டை இருக்கட்டும்.

முடிவில் 'அ லாஸ்ட் நோட்' (1995). நோயோடு நடித்து முடித்தார், படம் வெளியாகுமுன் காலமானார்.

பொதுத் திரையிடலுக்கு உரிமையாளரின் எழுத்து அனுமதி வேண்டும், அதற்கு இரண்டு மாதம் ஒதுக்குங்கள். ஐப்பசி முதல் தை வரை வெளியரங்கு வேண்டாம். கரண்ட் போனால் புரொஜெக்டரின் விளக்கு ஆறாமல் நின்று பழுதாகலாம். 300 வாட் புரொஜெக்டருக்கு 650 வீ.ஏ. யூ.பி.எஸ். சில நிமிடம் தாங்கும், விளக்கை ஆறவிட்டு நிறுத்த அது போதும்.