புள்ளியை இழுக்கும் முன்: திரையில் கணிதம் நடத்தும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

இருபடிக் கோவையின் வரைபடத்தை முதன்முதலாக ஜியோஜீப்ரா என்ற கணித மென்பொருளில் நடத்திய நாள் நன்றாக நினைவிருக்கிறது. மூன்று கெழுக்களுக்கும் ஆளுக்கொரு ஸ்லைடர் (இழுத்தால் எண்ணின் மதிப்பு மாறும் பட்டை) வைத்து ஒவ்வொன்றாக இழுத்துக் காட்டினேன். பரவளையம் விரிந்தது, ஒடுங்கியது, தலைகீழாகக் கவிழ்ந்தது. "சார், இன்னொரு தடவை!" என்று குரல்கள். பாடம் பிரமாதமாகப் போனதாக நினைத்துக்கொண்டேன். மறுநாள் பலகையில் 'எக்ஸ் வர்க்கம் கூட்டல் 4 எக்ஸ் கூட்டல் 1' என்று எழுதி, இதன் உச்சி ஒய் அச்சுக்கு இடப்பக்கமா, வலப்பக்கமா என்று கேட்டேன். பாதிக்கு மேற்பட்ட கைகள் வலப்பக்கத்துக்கு உயர்ந்தன. 4 கூட்டல்தானே, அதனால் வலம் என்றார்கள். உச்சி இடப்பக்கம் போனதை முந்தின நாள்தான் கண்ணால் பார்த்திருந்தார்கள்.

பார்த்தார்கள், ஆனால் எதையும் எதிர்பார்த்துப் பார்க்கவில்லை. படம் நகரும் முன்னே மாணவர் மனதில் ஒரு பதில் இருக்க வேண்டும். அது தவறான பதிலாக இருந்தாலும் பரவாயில்லை. கணிப்பு இருந்தால்தான் திரையில் நடப்பது அதோடு மோதும். மோதினால்தான் 'ஏன்?' என்ற கேள்வி பிறக்கும். என் அனுபவத்தில் இந்தக் கருவிகளை வைத்துச் செய்யும் தவறுகளில் பெரியது இதுதான்: கேட்காமலே காட்டிவிடுவது.

அதே பாடத்தை இப்போது வேறு விதமாக நடத்துகிறேன். முதல் கெழுவையும் கடைசி எண்ணையும் 1 என்று நிறுத்திவிட்டு, நடுக் கெழுவுக்கு மட்டும் ஒரு ஸ்லைடர். கை அதன் மேல் இருக்கும், ஆனால் இழுக்க மாட்டேன். "இதை மைனஸ் 6-லிருந்து 6 வரை கொண்டுபோனால் உச்சி எந்தப் பாதையில் போகும்? நோட்டில் வரைந்து காட்டுங்கள்." சிலர் கிடைக்கோடு வரைவார்கள், சிலர் சாய்கோடு. ஒன்றிரண்டு பேர் அரைவட்டம் போடுவார்கள். எல்லாரும் வரைந்து முடித்த பிறகு உச்சிக்குத் தடம் காட்டும் வசதியைப் போட்டுவிட்டு மெதுவாக இழுத்தால், திரையில் புள்ளி புள்ளியாக இன்னொரு பரவளையம் தோன்றும், அதுவும் தலைகீழாக. அந்த நொடி வகுப்பு அமைதியாகிவிடும். அப்புறம் சாக்பீஸை எடுத்தால் போதும். உச்சியின் எக்ஸ் மதிப்பு நடுக் கெழுவில் பாதி, எதிர்க்குறியோடு. ஒய் மதிப்பு, ஒன்றிலிருந்து அந்த எக்ஸின் வர்க்கத்தைக் கழித்தது. கணக்கைப் போட அவர்களே அவசரப்படுவார்கள்.

ஜியோஜீப்ராவை மார்க்குஸ் ஹோஹென்வார்ட்டர் 2001-ல் சால்ஸ்பர்க் பல்கலைக்கழகத்தில் உருவாக்கத் தொடங்கினார். ஜியோமெட்ரி, அல்ஜீப்ரா என்ற இரண்டு சொற்களும் அதன் பெயரிலேயே சேர்ந்திருக்கின்றன. ஒரு பக்கம் படம், மறு பக்கம் அதன் சமன்பாடு. ஒன்றை மாற்றினால் மற்றதும் மாறும். இடம் போதவில்லை என்று பல ஆசிரியர்கள் சமன்பாட்டுப் பகுதியை மூடிவிடுகிறார்கள். கருவியின் உயிரே அங்கேதான் இருக்கிறது. தயவுசெய்து மூடாதீர்கள்.

வரைந்த சதுரமும் கட்டிய சதுரமும்

சதுரம் வரையச் சொன்னால் மாணவர் நான்கு புள்ளிகளைக் கண்ணளவாக வைத்து இணைத்துவிடுவார். கட்டங்களின் மேல் வைத்தால் அச்சு அசல் சதுரமாகவே தெரியும். நாமும் 'சரி' என்று அடுத்த வேலைக்குப் போய்விடுகிறோம். ஒரு மூலையைப் பிடித்து இழுத்துப் பாருங்கள். அந்த மூலை மட்டும் தனியே போய், சதுரம் ஏதோ ஒரு நாற்கரமாகக் கோணிக்கொண்டு நிற்கும்.

கட்டிய சதுரம் அப்படி ஆகாது. ஒரு கோட்டுத்துண்டு, அதன் இரு முனைகளிலும் செங்குத்துக்கோடுகள், ஒவ்வொரு முனையையும் மையமாக வைத்து அதே நீளத்தை ஆரமாகக் கொண்ட வட்டம், வட்டம் செங்குத்துக்கோட்டை வெட்டும் இடத்தில் மூலை. இப்போது முதல் இரண்டு புள்ளிகளில் எதை இழுத்தாலும் சதுரம் சுழலும், பெரிதாகும், சிறிதாகும், ஆனால் சதுரமாகவே இருக்கும். இந்த வித்தியாசம் பிடிபட்டால் வரையறை என்றால் என்ன என்பதே பாதி புரிந்த மாதிரி. அதனால் வடிவியல் வகுப்பில் எந்தப் படத்தையும் இழுத்துப் பார்க்காமல் ஏற்றுக்கொள்ளாதீர்கள். மாணவர்கள் ஒருவர் படத்தை இன்னொருவர் இழுத்துக் குலைக்கப் பார்க்கட்டும். ரொம்பவும் ஆசையாகச் செய்வார்கள்.

அளந்தது நிரூபணம் ஆகாது

முக்கோணத்தின் மூன்று கோணங்களையும் அளந்து காட்டச் சொல்லி, எப்படி இழுத்தாலும் கூட்டினால் 180 வருகிறது பார், நிரூபித்தாகிவிட்டது என்று முடித்துவிடுவது இன்னொரு தவறு. கூர்ந்து பார்க்கும் மாணவர் சீக்கிரமே கேட்பார்: "சார், இங்கே 60.00, 60.00, 59.99. கூட்டினால் 179.99 தானே?" உண்மையில் கோணங்கள் 60.004, 60.004, 59.992 ஆக இருக்கலாம். கருவி இரண்டு தசம இடத்துக்குச் சுருக்கிக் காட்டுகிறது. இந்தக் கேள்வி வந்தால் தசம இடங்களைக் கூட்டி அதை மறைத்துவிடாதீர்கள். எத்தனை இடம் கூட்டினாலும் அளவு அளவுதான். ஓர் உச்சி வழியாக எதிர்ப்பக்கத்துக்கு இணைகோடு வரைந்து நிரூபித்துக் காட்ட இதைவிட நல்ல தருணம் கிடைக்காது.

நான்கைந்து உதாரணம் பார்த்ததும் விதி சொல்லிவிடும் பழக்கத்தைத் திருத்த ஒரு படம் வைத்திருக்கிறேன். வட்டத்தின் மேல் புள்ளிகளை வைத்து எல்லாவற்றையும் ஒன்றோடொன்று இணைத்தால் வட்டம் எத்தனை துண்டாகும்? 2 புள்ளிக்கு 2 துண்டு, 3-க்கு 4, 4-க்கு 8, 5-க்கு 16. ஆறுக்கு எத்தனை என்றால் வகுப்பே ஒரே குரலில் 32 என்கிறது. எண்ணிப் பார்த்தால் 31. சில பேருக்கு 30 வரும். அவர்கள் எண்ணியதில் தப்பில்லை. ஆறு புள்ளிகளையும் சம இடைவெளியில் வைத்திருப்பார்கள், மூன்று நீளக் கோடுகளும் மையத்தில் ஒரே இடத்தில் வெட்டிக்கொண்டிருக்கும். ஒரு புள்ளியைக் கொஞ்சம் நகர்த்தினால் நடுவில் ஒரு குட்டி முக்கோணம் திறக்கும், 31 ஆகிவிடும். காகிதத்தில் இதைப் புரியவைக்க நான் பட்ட பாடு கொஞ்சமல்ல. திரையில் ஒரு இழுப்பு.

திரை தப்பாகக் காட்டும் இடங்கள்

திரையில் வந்துவிட்டால் சரியாகத்தான் இருக்கும் என்று மாணவர்கள் நம்புகிறார்கள். எங்கே நம்பக்கூடாது என்று நாம்தான் சொல்லித்தர வேண்டும்.

இரண்டு அச்சுகளின் அளவுத்திட்டம் வேறுவேறாக இருந்தால் வட்டம் நீள்வட்டமாகத் தெரியும். சாய்வு 2 உள்ள கோடும் சாய்வு மைனஸ் அரை உள்ள கோடும் செங்குத்தாகவே தெரியாது. ஒரு பக்கமாக மட்டும் பெரிதாக்கிவிட்டு மறந்துபோவதால் வருவது இது.

சைன் 30 என்று தட்டினால் அரை வருவதற்குப் பதில் மைனஸ் 0.988 வரும். கருவி டிகிரியில் இல்லை, கோணத்தின் இன்னொரு அலகான ரேடியனில் இருக்கிறது. டெஸ்மோஸ் என்ற வரைபடக் கருவியை முதல்முறை திறக்கும் எவருக்கும் இது நடக்கும், அதனால் வகுப்புக்கு முன்பே அமைப்புகளில் டிகிரிக்கு மாற்றிவிடுங்கள்.

எக்ஸ் வர்க்கத்தில் ஒன்றைக் கழித்து, அதை 'எக்ஸ் கழித்தல் 1' ஆல் வகுத்தால் வரும் வரைபடம் பெரும்பாலும் முழு நேர்கோடாகவே தெரியும். எக்ஸ் = 1 என்ற இடத்தில் ஒரு துளை உண்டு. ஒரு புள்ளியின் அகலம் சுழியம் என்பதால் அது கண்ணுக்குப் படாது. எல்லை (லிமிட்) பாடம் நடத்தும்போது இதைச் சொல்லாமல் விட்டால் பாடமே விட்டுப்போகும்.

மேல்வகுப்புகளுக்கு இன்னொன்று. ஒன்றோடு 'என்'-இல் ஒரு பங்கைக் கூட்டி, அதை 'என்' அடுக்குக்கு உயர்த்தினால், 'என்' பெரிதாகப் பெரிதாக விடை 2.718-ஐ நெருங்கும். ஆனால் 'என்' 10-இன் 16-ஆம் அடுக்கு ஆனால், கணினி வழக்கமாக எண்ணைச் சேமிக்கும் முறையில், விடை பொத்தென்று 1 ஆகிவிடும். சுமார் 16 இலக்கம்தான் அதற்குள் நிற்கும். ஒன்றோடு கூட்டிய அந்தத் துளி கரைந்துபோகிறது, ஒன்றை எத்தனை முறை பெருக்கினாலும் ஒன்றுதானே. கணிதம் தப்பவில்லை, கணினிதான் தப்பியது என்று மாணவரே கண்டுபிடிக்கும்படி விட்டுப் பாருங்கள்.

சின்னச் சின்ன விஷயங்களும் உண்டு. ஒரே திரையில் ஐந்து ஸ்லைடர் வைக்காதீர்கள். எது எதை மாற்றியது என்றே தெரியாமல் போகும். கருவியையும் புதுப் பாடத்தையும் ஒரே நாளில் அறிமுகப்படுத்தாதீர்கள். சிவப்பும் பச்சையும் பிரித்தறிய முடியாத பிள்ளைகள் வகுப்பில் இருக்கக்கூடும். ஒரு கோட்டைப் புள்ளிக்கோடாக்கிவிட்டால் தீர்ந்தது. போனில் செய்யும்போது விரலே புள்ளியை மறைக்கும், புள்ளியைப் பெரிதாக்குங்கள். இணையம் நின்றுபோகும் என்று தெரிந்தால் இணையமில்லாமல் ஓடும் பதிப்பை முன்பே போட்டு வையுங்கள். யாரோ செய்து வைத்த படத்தை எடுத்துப் பயன்படுத்துவதாக இருந்தால், வீட்டிலேயே அதன் ஒவ்வொரு புள்ளியையும் மூலைவரை இழுத்துப் பார்த்துவிடுங்கள்.

கணிப்பை எழுதச் சொல்லும்போது பேனாவால் எழுதச் சொல்லுங்கள். பென்சில் என்றால் படம் நகர்ந்ததுமே அழித்துவிடுகிறார்கள். நமக்கு அந்தத் தவறான கோடும் சரியான கோட்டின் பக்கத்திலேயே வேண்டும்.